அங்கிட்டா, இங்கிட்டா?

பத்துக்கு ஐந்து.

கே.கே. நகரில் வண்டியூர் கண்மாய் பக்கமாகப் போகிற ஒரு தெரு. அங்கே ஒன்பதாம் வகுப்பு படிக்கிற ஒரு பெண்ணின் கணக்கு நோட்டில் சிவப்பு மையில் இருந்த மார்க் அது. பத்துப் புள்ளிகளைக் கொடுத்து கிராஃப் தாளில் குறிக்கச் சொன்ன சின்ன டெஸ்ட். பக்கத்திலேயே 'கவனம் தேவை' என்று டீச்சர் எழுதியிருந்தார். அம்மா அதைப் பார்த்தார். "இவளுக்குக் கணக்கு வராது. பதினொண்ணுல காமர்ஸ் எடுத்து விட்ருவோம்" என்று அங்கேயே முடிவு கட்டிவிட்டார். பெண்ணுக்கோ முதல் குரூப்தான் வேண்டும். அன்றைக்கு ராத்திரி சாப்பிடாமல் படுத்துவிட்டாள்.

(காமர்ஸ் என்றால் கணக்கு வராதவர்கள் ஒதுங்குகிற மண்டபம் என்று ஊரில் இன்னும் ஒரு நினைப்பு இருக்கிறது. பேலன்ஸ் ஷீட் டேலி ஆகாமல் விடிய விடிய உட்கார்ந்திருப்பவர்களைக் கேட்டால் தெரியும். அது தனிக் கதை, அந்த சோகம் இப்போது வேண்டாம்.)

ஒன்பதாம் வகுப்பைத் தாண்டி ரொம்ப நாளானவர்களுக்காக ஒரு சின்ன ரீவைண்டு. ஒரு தாளில் படுக்கையாக ஒரு கோடு, நெட்டுக்குத்தாக ஒரு கோடு. படுத்திருப்பது எக்ஸ் அச்சு, நிற்பது ஒய் அச்சு. இரண்டும் வெட்டிக்கொள்கிற இடம் ஆதிப்புள்ளி, அதாவது (0, 0). அங்கிருந்து வலப்பக்கம் போனால் எக்ஸ் ப்ளஸ், இடப்பக்கம் போனால் மைனஸ். மேலே போனால் ஒய் ப்ளஸ், கீழே போனால் மைனஸ். தாள் நான்கு துண்டாகிறது. அதற்குப் பெயர் கால்பகுதி. வலது மேல் மூலை முதலாவது, இடது மேல் இரண்டாவது, இடது கீழ் மூன்றாவது, வலது கீழ் நான்காவது. குறிகள் வரிசையாக (+, +), (−, +), (−, −), (+, −). அவ்வளவுதான் பாடம். இதை நாலு வரி அட்டவணையாகப் போட்டு மனப்பாடம் செய்யச் சொல்லிவிடுகிறார்கள். வில்லங்கம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

அந்த நோட்டைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தவர் டியூஷன் அக்கா. அதே தெருவில் கார் ஷெட்டில் பாய் விரித்து ஏழெட்டுப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பவர். அவருக்கு உறுத்திய விஷயம் இது: முதல் கால்பகுதிப் புள்ளிகள் எல்லாமே சரி. மூன்றாம் பகுதியும் சரி. இரண்டும் நான்கும் மட்டும் ஒன்று விடாமல் தப்பு. (−3, 2) வலது கீழே இருந்தது. (3, −2) இடது மேலே இருந்தது. கவனக்குறைவாக இருப்பவர் அங்கே ஒன்று இங்கே ஒன்று என்று சிதறித் தவறுவார். இவ்வளவு ஒழுங்காகத் தப்புப் பண்ண கவனம் வேண்டும்.

"இரண்டாம் கால்பகுதிய எதுக்கு இங்க கொண்டாந்து எழுதுன?"

"ஒண்ணுக்கு அடுத்து ரெண்டு இங்கிட்டுத்தானக்கா வரும்? தேர் அப்படித்தான் போகும்."

மதுரைக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்காக: சித்திரைத் திருவிழாவில் மீனாட்சி அம்மன் கோயில் தேர் நாலு மாசி வீதியையும் சுற்றி வரும். கீழ மாசி வீதியில் கிளம்பி, தெற்கு மாசி, மேல மாசி, வடக்கு மாசி என்று சுற்றி, மறுபடி நிலைக்கு வரும். வலமாக, கடிகார முள் போகிற திசையில். கோயிலுக்குள் பிராகாரம் சுற்றுவதும் அப்படித்தான். பிறந்ததிலிருந்து அப்பா தோளில் உட்கார்ந்து தேர் பார்த்த பெண் அவள். ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று நான்கு மூலைகளை எண்ணச் சொன்னால் கை தன்னால் வலமாகத்தான் போகும். கணிதப் புத்தகமோ இடமாகச் சுற்றுகிறது. ஊரில் யாராவது கோயிலை இடமாகச் சுற்றினால் நாலு பேர் நிறுத்திக் கேட்பார்கள். கிராஃப் தாளில் மட்டும் அதுதான் முறை.

அவள் குறிக்கிற விதமும் சேர்ந்து காலை வாரியது. புள்ளியைப் பார்த்ததும் குறியை அட்டவணையில் தேடுவாள். (−, +) என்றால் இரண்டாவது. அந்தப் பகுதிக்குப் போன பிறகு குறியை மறந்துவிட்டு, பக்கவாட்டில் மூன்று கட்டம், நெடுக்கில் இரண்டு கட்டம் என்று எண்ணிப் புள்ளி வைப்பாள். அச்சில் மைனஸ் ஒன்று, மைனஸ் இரண்டு என்று எழுதிவைக்கிற பழக்கம் இருந்திருந்தால் அப்போதே பிடிபட்டிருக்கும். அவசரத்தில் அதை எழுதவில்லை. குறி என்பது அவளுக்கு ஒரு முகவரிச் சீட்டு மாதிரி. அதைப் பார்த்தால் எந்த அறைக்குப் போக வேண்டும் என்று தெரியும், அப்புறம் கிழித்துப் போட்டுவிடலாம்.

உண்மையில் குறி அறை எண் இல்லை. அது நடக்கிற திசை. ஆதிப்புள்ளியில் நின்று, '−3' என்றால் இடப்பக்கம் மூன்று அடி, '2' என்றால் மேலே இரண்டு அடி. நடந்து போய்ச் சேர்ந்த பிறகு, அது எத்தனையாவது கால்பகுதி என்று வேண்டுமானால் பெயர் கேட்டுக்கொள்ளலாம். பெயர் தெரியாவிட்டாலும் புள்ளி சரியான இடத்தில் இருக்கும். மதுரைத் தமிழில் இதற்கு வேண்டிய சொற்கள் தயாராகவே இருக்கின்றன: அங்கிட்டு, இங்கிட்டு. எத்தனை கட்டம் என்பதை எண் சொல்கிறது. அங்கிட்டா இங்கிட்டா என்பதைக் குறி சொல்கிறது.

இதை அக்கா விளக்கிக்கொண்டிருந்தபோது மணி எட்டு. பெண்ணைக் கூட்டிப்போக அப்பா வந்து வாசலில் ஆட்டோவை நிறுத்தினார். மாட்டுத்தாவணி ஸ்டாண்டில் வண்டி ஓட்டுபவர். எட்டாம் வகுப்போடு நின்றுவிட்டார். மகளின் கணக்கு நோட்டில் கையெழுத்து கேட்டால் பக்கத்தைப் பார்க்காமலே போட்டுவிடுவார். பார்த்தால் ஏதாவது கேட்டுவிடுவாளோ என்ற பயம். அன்றைக்கு அக்கா அவரை விடவில்லை.

"அண்ணே, உள்ள வாங்க. கோயில நடுவுல வச்சுக்கங்க. ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டு எங்கிட்டு?"

"இது என்ன டீச்சர் கேள்வி" என்று சிரித்தார். "மேக்க போய் வடக்க."

அக்கா தாளில் கோடு போட்டார். நடுவில் கோயில். கிழக்கு எக்ஸ் ப்ளஸ், மேற்கு மைனஸ். வடக்கு ஒய் ப்ளஸ், தெற்கு மைனஸ். அளவு தோராயமாகக் கிலோமீட்டரில். ஆரப்பாளையத்துக்கு மேற்கே இரண்டு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு, வடக்கே ஒன்றரை. குறி (−, +). தெப்பக்குளம்? "கெழக்க மூணு, தெக்க ஒண்ணு." (3, −1). திருப்பரங்குன்றம்? (−5, −4). கே.கே. நகர்? கிழக்கே மூன்று, வடக்கே ஏறக்குறைய இரண்டு. (3, 2). அவர் சொல்லச் சொல்ல மகள் புள்ளி வைத்தாள். ஒன்றுகூடத் தப்பவில்லை. தெப்பக்குளமும் கே.கே. நகரும் கோயிலிலிருந்து கிழக்கே ஒரே தூரம், வைகைக்கு அங்கிட்டு ஒன்று, இங்கிட்டு ஒன்று. எக்ஸ் மாறாமல் ஒய்யின் குறி மட்டும் மாறினால் என்ன ஆகும் என்பதற்குப் பாலத்தைத் தாண்டுவதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது.

"ரயில்வே ஸ்டேஷன்?" என்று அக்கா கேட்டார். அப்பா கொஞ்சம் யோசித்தார். "அது நேர் மேக்க. டவுன் ஹால் ரோட்டப் புடிச்சு நேராப் போக வேண்டியதுதான். வடக்கயும் இல்ல, தெக்கயும் இல்ல." அந்த டெஸ்டில் (−4, 0) என்று ஒரு புள்ளி இருந்தது. அது எந்தக் கால்பகுதி என்ற கேள்விக்கு இரண்டாவது என்று எழுதி மார்க் போயிருந்தது. அச்சின் மேல் நிற்கிற புள்ளி எந்தக் கால்பகுதிக்கும் சொந்தமில்லை. டவுன் ஹால் ரோட்டில் நிற்பவர் வடக்கு மதுரையும் இல்லை, தெற்கு மதுரையும் இல்லை.

யோசித்துப் பார்த்தால் பழைய மதுரையே ஒரு கிராஃப் தாள்தான். கோயிலுக்கு வெளியே முதல் சுற்று சித்திரை வீதிகள், அடுத்தது ஆவணி மூல வீதிகள், மூன்றாவது மாசி வீதிகள், நான்காவது வெளி வீதிகள். வீதியின் பெயர் எத்தனையாவது சுற்று என்று சொல்லும். முன்னால் ஒட்டியிருக்கிற கீழ, மேல, வடக்கு, தெற்கு எங்கிட்டு என்று சொல்லும். எண்ணும் குறியும் சேர்ந்த பெயர். மேல மாசி வீதியும் வடக்கு மாசி வீதியும் சந்திக்கிற முனை (−3, 3). கீழ மாசியும் தெற்கு மாசியும் சேருகிற விளக்குத்தூண் பக்கம் (3, −3). வீதிகள் ஸ்கேல் வைத்துப் போட்டது போல இருக்காது, வளைந்து நெளிந்துதான் போகும். ஆனால் துணி எடுக்கப் போகிற யாரும் இதுவரை குறியைத் தப்பாகப் போட்டு விளக்குத்தூணுக்குப் பதில் வடமேற்கு முனையில் போய் நின்றதில்லை.

இத்தோடு முடிந்திருந்தால் நல்ல கதை. அப்பாவுக்கு உற்சாகம் வந்துவிட்டது. பென்சிலை வாங்கி, தானே ஒரு படம் போட ஆரம்பித்தார். நடுவில் கோயில். தாளின் மேல் பக்கத்தில் மேல மாசி. கீழ்ப் பக்கத்தில் கீழ மாசி.

"அண்ணே, மேல மாசி இடது பக்கம்ல வரணும்?"

"மேல மாசி மேலதான டீச்சர் இருக்கும்?"

சிரிக்க வேண்டாம். அவர் சொன்னதில் நியாயம் இருக்கிறது. மேற்கு என்ற சொல் மேல் என்பதிலிருந்து வந்தது, கிழக்கு கீழ் என்பதிலிருந்து வந்தது. இந்த நிலம் மேற்கே மலையில் உயர்ந்து கிழக்கே கடலை நோக்கிச் சரிகிறது. வைகை வருசநாட்டு மலையில் பிறந்து ராமநாதபுரம் பக்கம் இறங்குகிறது. தண்ணீர் வருகிற பக்கம் மேல், போகிற பக்கம் கீழ். ஆகவே 'மேலே போ' என்று கிராஃப் தாளில் சொன்னால் ஒய் ப்ளஸ். மதுரை ரோட்டில் 'மேக்க போ' என்று சொன்னால், டீச்சர் போட்ட படத்தில் அது எக்ஸ் மைனஸ். ஒரே வேர்ச்சொல், இரண்டு அச்சு. தமிழில் கணக்குப் படிக்கிற பிள்ளை எங்கே தடுக்கி விழும் என்று கவலைப்படுகிறவர்கள் இதையும் கொஞ்சம் பார்க்கலாம்.

அப்பா போட்ட படம் தப்பா என்றால், இல்லை. மேற்கு மேலே என்றால் வடக்கு வலப்பக்கம் வரும், தெற்கு இடப்பக்கம். முழுத் தாளையும் கால் சுற்று வலப்பக்கமாகத் திருப்பிய மாதிரி. ஊர் அப்படியே இருக்கிறது, யார் வீடும் நகரவில்லை. (1154-ல் அல் இத்ரீசி வரைந்த உலகப் படத்தில் தெற்குதான் மேலே. வடக்கு மேலே இருக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் கிடையாது.) ஆனால் வலப்பக்கம் ப்ளஸ், மேலே ப்ளஸ் என்ற அதே விதியை வைத்துக்கொண்டு இந்தத் தாளில் குறி போட்டால் எல்லாம் மாறிவிடும். (3, 2)-ல் இருந்த கே.கே. நகர் (2, −3) ஆகிவிட்டது. (3, −1)-ல் இருந்த தெப்பக்குளம் (−1, −3). ஆரப்பாளையம் ஜம்மென்று (+, +)-ல் போய் உட்கார்ந்துகொண்டது.

மகளுக்கு முகம் வாடிவிட்டது. "நம்ம ஏரியா மைனஸ்ல போயிருச்சு!"

இதைச் சொன்னது ஒன்பதாம் வகுப்புப் பெண் என்றாலும், மைனஸ் என்றால் குறை என்ற எண்ணம் எல்லோர் மண்டையிலும் இருக்கிறது. 'அவன்கிட்ட ஒரு மைனஸ் என்னன்னா' என்றுதான் ஆரம்பிக்கிறோம். அதற்கு ஒரு பழைய காரணமும் உண்டு. 628-ல் பிரம்மகுப்தர் பிரம்மஸ்புட சித்தாந்தத்தில் இந்த எண்களுக்கு விதி எழுதியபோது, ப்ளஸ் எண்ணைத் தனம் என்றார், மைனஸ் எண்ணை ருணம் என்றார். சொத்து, கடன். இரண்டு கடனைப் பெருக்கினால் சொத்து என்பது வரை அதில் உண்டு. கடனாகப் பிறந்த எண்ணைத் திசையாகப் பார்க்க ரொம்பக் காலம் ஆனது. 1637-ல் வடிவியல் நூல் எழுதிய டேகார்ட்டின் பெயரால்தான் இது கார்ட்டீசியன் தளம் எனப்படுகிறது. ஆனால் நாம் போடுகிற மாதிரி நான்கு பக்கமும் திறந்த தாள் அவர் நூலில் இல்லை. 1704-ல் நியூட்டன் வெளியிட்ட மூன்றாம் படி வளைகோடுகள் பற்றிய கட்டுரையில்தான் நான்கு கால்பகுதிகளும் தயக்கமில்லாமல் வருகின்றன. ஐரோப்பாவின் பெரிய மூளைகளுக்கே அவ்வளவு தயக்கம் இருந்திருக்கிறது. ஒரு டெஸ்டில் ஐந்து மார்க் போனதற்கு பதினொன்றாம் வகுப்பு குரூப்பை முடிவு செய்வது கொஞ்சம் ஓவர்.

காமர்ஸ் படிப்பவர்களுக்கு இந்தக் குழப்பம் பழக்கமானது. முதலாம் ஆண்டில் பற்று என்றால் கெட்டது, வரவு என்றால் நல்லது என்று நினைத்துக்கொண்டு உட்காருவோர் பலர். அப்புறம் ரொக்கக் கணக்கில் பணம் வந்தால் பற்றுப் பக்கம் எழுது என்பார்கள். தலை சுற்றும். பற்று என்பது இடப்பக்கம், வரவு என்பது வலப்பக்கம், அவ்வளவுதான். எந்தக் கணக்கில் எழுதுகிறோம் என்பதைப் பொறுத்துத்தான் அது கூடுதலா குறைவா என்று தெரியும். கோட்டுக்கு அங்கிட்டு, கோட்டுக்கு இங்கிட்டு.

அக்கா அந்தப் பெண்ணிடம் அப்பாவின் போனை வாங்கச் சொன்னார். சவாரிக்கு லொகேஷன் அனுப்புவார்கள், அதனால் மேப் அவருக்குக் கைவந்த விஷயம். நிற்கிற இடத்தில் விரலை அழுத்தியதும் இரண்டு எண்கள் வந்தன. தோராயமாக 9.93, 78.15. பூமிக்கும் அச்சு இரண்டு உண்டு: நிலநடுக்கோடு ஒன்று, லண்டன் கிரீனிச் வழியாகப் போகிற கோடு மற்றொன்று. வடக்கு ப்ளஸ், தெற்கு மைனஸ். கிழக்கு ப்ளஸ், மேற்கு மைனஸ். இந்தியா முழுவதும் (+, +)-ல் இருப்பதால் இங்கே யார் போனிலும் மைனஸ் கண்ணில் படாது. ஆதிப்புள்ளி ஆப்பிரிக்காவுக்குப் பக்கத்தில், கானா நாட்டுக் கரைக்குத் தெற்கே சுமார் 600 கி.மீ. தள்ளிக் கடலில் இருக்கிறது.

"மொத எண்ணு மேல கீழயா?" என்று பெண்தான் முதலில் கவனித்தாள். ஆமாம். கிராஃபில் எக்ஸ் முதலில் வரும், மேப்பில் வடக்கு-தெற்கு எண் முதலில் வரும். இரண்டையும் மாற்றிப் போட்டால் கே.கே. நகர் ஆர்க்டிக்கில் ஸ்வால்பார்டு தீவுகளுக்கு மேற்கே கடலில் போய் விழும். அப்புறம் அவளே ஒவ்வொரு குறியாக மாற்றித் தட்டிப் பார்த்தாள். முதல் எண்ணுக்கு மட்டும் மைனஸ்: இந்தியப் பெருங்கடல், வெறும் தண்ணீர். இரண்டாவது எண்ணுக்கு மட்டும்: பனாமாவுக்கு வடக்கே கரீபியன் கடல். இரண்டுக்கும் மைனஸ் போட்டதும் தரை வந்தது. பெரு நாட்டின் கடலோரப் பாலைவனம், வார்மே என்ற ஊருக்குக் கொஞ்சம் வடக்கே. அந்த வார்மேயில்தான் 2013-ல் இன்காக்களுக்கு முந்தைய வாரி அரசின் கல்லறை ஒன்று கொள்ளை போகாமல் கிடைத்ததாக அறிவித்தார்கள். 60-க்கும் மேற்பட்டோரின் உடல்கள், பொன், வெள்ளிப் பொருட்களோடு. நான்கில் இரண்டு மைனஸ் உள்ள இடம்தான் ஊராக இருந்தது என்பதில் அவளுக்கு ஒரு திருப்தி.

அக்கா இன்னொன்றும் சொன்னார். கிரீனிச் கோடு கடவுள் போட்டதில்லை. 1884-ல் வாஷிங்டனில் பல நாடுகள் கூடி ஓட்டெடுத்து வைத்தது. பிரிட்டிஷ் கால இந்திய நில அளவைக்குச் சென்னை வானாய்வகம்தான் அடிப்படையாக இருந்தது. அதையே உலகத்துக்கும் சுழியாக வைத்திருந்தால், சென்னைக்கு மேற்கே இருக்கிற மதுரை முழுவதும் மைனஸ் இரண்டு டிகிரி சொச்சம் ஆகியிருக்கும்.

அடுத்த டெஸ்டில் பத்துக்கு ஒன்பது. போன ஒன்று, (0, −3) என்ற புள்ளிக்கு 'எந்தக் கால்பகுதியிலும் இல்லை' என்று எழுதாமல் 'டவுன் ஹால் ரோடு மாதிரி' என்று எழுதியதற்கு. அது வேறு அச்சு என்பதால் டீச்சர் மார்க் குறைத்தது நியாயம்தான் :-) அம்மா இன்னும் காமர்ஸ் பேச்சை விடவில்லை.

அன்றைக்கு ராத்திரி ஆட்டோவில் திரும்பும்போது அப்பா கண்ணாடியில் பார்த்துக் கேட்டார்: "இப்ப நாம ப்ளஸ்ல போறமா, மைனஸ்ல போறமா?"

"எத நடுவுல வச்சுக் கேக்குறப்பா?"

"நம்ம வீட்ட வச்சுக்க."

அவள் விரல் விட்டு எண்ணினாள். "அப்பன்னா மீனாட்சி கோயில் மைனஸ் மூணு, மைனஸ் ரெண்டு."

"ஏத்தா, கோயிலப் போயி மைனஸுங்கிற" என்று சொல்லிவிட்டு, ஒரு கையை ஹேண்டில்பாரிலிருந்து எடுத்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.